ஏழாவது பத்தி

ஆகஸ்ட் 11, வெள்ளி

காலை 6.40: ரத்த அழுத்தம் 138/84. தக்காளிச் செடிகளுக்குத் தண்ணீர் விட்டேன். காரின் பின்பக்க டயரில் காற்று குறைவு. நிரப்ப வேண்டும்.

10.15க்கு எபியின் போன். வழக்கமாகப் பதினொன்றுக்குத்தான் கூப்பிடுவான். நேரம் தப்பி வரும் போன் எனக்கு ஆகாது. எடுக்காமல் சுகிர்தத்திடம் நீட்டினேன். அவள் ஸ்பீக்கரில் போட்டாள்.

"அம்மா, அப்பா பக்கத்துல இருக்காங்களா? மேல கூப்பிட்டுட்டாங்கம்மா. மேஜர் லீக். நாளைக்கு நான் அங்க இருக்கணும்."

சுகிர்தம் சிரிப்பும் அழுகையுமாக, "பத்து வருசம்லா மக்கா பஸ்லயே அலைஞ்ச!" என்றாள். என் பக்கம் திரும்பி, "என்னங்க, வாயில கொழுக்கட்டையா இருக்கு? பிள்ளைகிட்ட பேசுங்க" என்றாள்.

"வாழ்த்துகள்" என்றேன், கல்லூரி விழாவில் பரிசு கொடுப்பவன் போல. பிறகு, "சாப்பிட்டியா?" என்று கேட்டேன்.

மேஜர் லீக் என்றால் அமெரிக்க பேஸ்பாலின் உச்சி; இதுவரை அவன் ஆடியது அதற்குக் கீழே, சிறிய லீக்குகளில். அங்கே ஒருவருக்குத் தோளில் அடி. குறைந்தது பதினைந்து நாள் அவர் ஆட முடியாது. அந்த இடம்தான் இவனுக்கு. இவனுக்கு இருபத்தொன்பது வயது. ஒப்பந்தம் இந்த வருடத்தோடு முடிகிறது. இந்த முறை மேலே போகாவிட்டால் பேஸ்பாலையே விட்டுவிடுவேன் என்று மார்ச் மாதமே சொல்லியிருந்தான். ஆக, பத்து வருடம் பதினைந்து நாளில் வந்து நிற்கிறது.

"அப்பா, ஜெபம் பண்ணுங்க" என்றான். பத்தொன்பது வயதில் அவன் வீட்டை விட்டுப் போன நாள் முதல் எந்தப் போனும் என் ஜெபம் இல்லாமல் முடிந்ததில்லை. நான்கே வாக்கியம்: இம்மட்டும் காத்தீர், இன்றைக்கும் காத்தருளும், கைக்குப் பெலன் தாரும், எங்களை வெட்கப்பட விடாதேயும். இன்று மூன்றாவது வாக்கியம் மறந்துவிட்டது. சுகிர்தம் எடுத்துக்கொடுத்தாள்.

11.00: 156/92. பச்சை நோட்டை மேசை இழுப்பறைக்குள் வைத்தேன். பூட்டவில்லை. பூட்டினால் ஏன் என்பாள்.

ஆகஸ்ட் 12, சனி

பாளையங்கோட்டையிலிருந்து மைத்துனர் பால்துரையின் போன்.

"அத்தான், சர்ச் வாசல்ல ஃப்ளெக்ஸ் வச்சாச்சு. எபி படத்தை அக்கா அனுப்பிட்டா. கையில ஒண்ணுமில்லாம மொட்டையா இருந்துச்சுன்னு மட்டை வச்சிருக்கோம்."

"அவன் மட்டை பிடிப்பதில்லை பால்துரை. எறிபவன். அதிலும் ரிலீஃப். ஆட்டம் தொடங்கும்போது எறிபவர் களைத்தபின் கடைசியில் வந்து எறிவான்."

"அப்போ பன்னெண்டாவது ஆளுன்னு சொல்லுங்க."

"இல்லை. நெருக்கடியில் வருபவன். சில நாள் ஒரே ஒரு பேட்டருக்குக்கூட எறிவான்."

"ஒரே ஆளுக்கா? அதுக்கா பத்து வருசம்?"

சிக்னல் சரியில்லை என்றேன்.

ஆகஸ்ட் 13, ஞாயிறு

ஆராதனை முடிந்ததும் நேரே வீடு. பகல் ஆட்டம். டிவி முன் பச்சை நோட்டு, இரண்டு பென்சில்.

நோட்டைப் பற்றி இங்கே எழுதிவிடுகிறேன். இருபத்தாறு வருடம் இயற்பியல் சொல்லிக்கொடுத்தவனுக்கு ஒன்றைக் குறித்துக்கொள்ளாமல் பார்க்கத் தெரியாது. எபி எறியும் ஒவ்வொரு பந்துக்கும் ஒரு வரி, வரிக்கு ஆறு பத்தி: தேதி, பேட்டர், பந்தின் வகை, வேகம், போய் விழுந்த இடம், முடிவு. சென்ற மே மாதத்திலிருந்து ஏழாவதாக ஒரு பத்தி கோடு போட்டிருக்கிறேன். அதற்குத் தலைப்பு எழுதவில்லை.

ஏழாவது இன்னிங்ஸில் அவன் மைதானத்தில் ஓடிவந்தபோது சுகிர்தம் என் முழங்கையைப் பிடித்தாள். அறிவிப்பாளர் எபியின் முழுப் பெயரைத் தன் வாய்க்கு வந்தபடி எபனைசர் என்றார். பதினோரு பந்து. மூன்று பேரும் அவுட், அதோடு இன்னிங்ஸ் முடிந்தது. அவனுடைய பலம் மெதுபந்து. கை அதே வேகத்தில் வரும், பந்து மட்டும் பத்து மைல் குறைவாக வரும். பேட்டர் முன்னதாகவே வீசிவிட்டு ஏமாந்து நிற்பார். இன்று நான்கு மெதுபந்து.

ஏழாவது பத்தியிலும் நான்கு.

சுகிர்தம் பாயசம் வைத்தாள். சர்க்கரை எனக்கு ஆகாது. சாப்பிட்டேன். இறங்கவில்லை.

ஆகஸ்ட் 16, புதன்

மூன்று பேர், மூன்றும் அவுட். மெதுபந்து ஐந்து. ஏழாவது பத்தி ஐந்து. டயருக்குக் காற்று நிரப்பவில்லை.

ஆகஸ்ட் 17, வியாழன்

தூக்கம் சரியில்லை. எழுதிவிட்டால் சுருங்குமோ என்னவோ.

எபி மெதுபந்து எறியும் முன் கீழுதட்டைப் பல்லுக்கடியில் இழுத்துக்கொள்கிறான். வேகமாக வரும் நேர்பந்துக்கு அப்படிச் செய்வதில்லை. அரை விநாடிதான். மே மாதம் சிறிய லீக் ஆட்டம் ஒன்றை மூன்றாம் தளத்துப் (பேஸ்) பக்கமிருந்து தொலைநோக்கியில் பார்த்தபோது கண்டேன். முதலில் நம்பவில்லை. என் கண்ணில் புரை எடுத்து ஒரு வருடம்தான் ஆகிறது. தேடுபவன் கண்ணுக்குத் தேடியது தெரியும் என்று மாணவர்களிடம் எத்தனை முறை சொல்லியிருக்கிறேன். அதனால் எண்ணத் தொடங்கினேன். இதுவரை பார்த்த மெதுபந்து 127. உதடு 120.

கீழே யாரும் கவனிக்கவில்லை. மேலே ஒவ்வொரு அணிக்கும் இதையே பார்த்துக்கொண்டிருக்க ஆட்கள் உண்டு. எது வருகிறது என்று தெரிந்துவிட்டால் மெதுபந்தைப் போல அடிக்கச் சுலபமான பந்து இல்லை.

ஏன் சொல்லவில்லை? ஒருமுறை சொல்லியிருக்கிறேன். இரண்டு வருடத்துக்கு முன், ஜூன் 9. ஆட்டத்துக்கு முன் போனில், "முழங்கை கொஞ்சம் தாழ்ந்து வருகிறது போலிருக்கிறதே" என்றேன். அவ்வளவுதான். அன்று ஒரே இன்னிங்ஸில் ஆறு பேருக்கு வாக்; நான்கு நான்கு பந்து இலக்குக்கு வெளியே போய், அடிக்காமலே தளம் கொடுத்தான். பந்து எங்கே போகிறது என்று அவனுக்கே தெரியவில்லை. அதற்கடுத்த எட்டு மாதம் அவன் முழங்கையையே நினைத்துக்கொண்டிருந்தான். ஒரு படி கீழே இறக்கினார்கள். அவன் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

இப்போது உதடு என்று சொன்னால் உதட்டை நினைப்பான். சொல்லாவிட்டால் வேறு யாராவது கண்டுபிடிப்பார்கள். இரண்டு பக்கமும் எழுதிப் பார்த்தேன். இரண்டும் ஒரே நீளத்துக்கு வந்தன.

ஆகஸ்ட் 19, சனி

மூன்று பேர் அவுட். ஒரு ஹிட். நன்றாகவே எறிந்தான். டிவியில் பேசியவர், "இந்த மெதுபந்து எங்கிருந்து வந்தது!" என்றார். சுகிர்தம் டிவியைப் பார்த்து, "பாளையங்கோட்டையில இருந்து" என்றாள்.

ஆகஸ்ட் 21, திங்கள்

புல் வெட்டினேன். உள்ளே வந்ததும் சுகிர்தம் கேட்டாள்.

"காலையில பிரஷர் எவ்வளவு?"

"நூற்று முப்பத்தெட்டு, எண்பத்து நாலு."

கையிலிருந்த கரண்டியை வைத்துவிட்டுச் சிரித்தாள். "நாப்பத்தஞ்சு வருசமா ஒரே மாதிரிதான் பொய் சொல்லுதிய. கீழுதட்டை உள்ள இழுத்துட்டுத்தான் ஆரம்பிப்பிய. பொண்ணு பாக்க வந்தன்னைக்கே கண்டுபிடிச்சுட்டேன். 'வீணை வாசிப்பீங்களா, எனக்கு ரொம்பப் பிடிக்கும்'னிய. இன்னைய வரைக்கும் வீணையைத் திரும்பிப் பாத்தது கிடையாது."

குளியலறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். கண்ணாடி முன் நின்று, "எனக்கு ஒன்றும் பயமில்லை" என்று சொல்லிப் பார்த்தேன்.

அரை விநாடி. அதே பல். அதே பக்கம்.

164/96. உண்மை எண்.

ஆகஸ்ட் 22, செவ்வாய்

மூன்று பேர் அவுட். கடைசி பேட்டர் மெதுபந்து இரண்டையும் அசையாமல் விட்டுவிட்டு நேர்பந்தை அடித்தார். எல்லைச் சுவர் ஓரத்தில் பிடித்துவிட்டார்கள். இன்னும் ஆறு அங்குலம் போயிருந்தால் சுவருக்கு வெளியே. ஆட்டம் முடிந்து எதிரணிக்காரர்கள் வரிசையில் இருவர் வாயைத் தொட்டுப் பேசிக்கொண்டதுபோல இருந்தது. மூக்கைச் சொறிந்ததாகவும் இருக்கலாம்.

ஆகஸ்ட் 24, வியாழன்

அணிக்கு ஓய்வு நாள். எபி மூன்று மணி நேரம் கார் ஓட்டி மதியச் சாப்பாட்டுக்கு வந்தான். சொதிக் குழம்பு, இஞ்சித் துவையல், உருளைக்கிழங்கு. இளைத்திருக்கிறான். சுகிர்தம் கேட்காமலே சோறு வைத்துக்கொண்டிருந்தாள்.

"போதும்மா. நான் எறியணும், உருளக் கூடாது."

"உன் மாமா ஃப்ளெக்ஸைப் பாத்தியா? கையில மட்டையோட நிக்க."

"பாத்தேன். டீம்ல எல்லாருக்கும் காட்டினேன். இப்ப என்னை யாரும் எபின்னு கூப்பிடறதில்ல, கேப்டன்னுதான் கூப்பிடறாங்க."

அவனுக்குப் பயமே இல்லையோ என்று நினைத்தேன். சாப்பிட்டபின் அவள் பாத்திரம் அடுக்கப் போனதும் என் அறைக்கு வந்தான். கதவருகிலேயே நின்றான்.

"அப்பா, அந்தப் பச்சை நோட்டு இன்னும் எழுதுறீங்களா?"

"ஏதோ எழுதுகிறேன்."

"அதுல ஏதாவது இருக்கா? நான் தெரிஞ்சுக்க வேண்டியது?"

இழுப்பறை என் வலது கைக்கு எட்டும் தூரம். அவனே கேட்கிறான். இதைவிட நல்ல நேரம் வராது. ஜூன் 9 நினைவுக்கு வந்தது. ஆறு வாக். அவன் தலையைக் குனிந்துகொண்டு மைதானத்தை விட்டு நடந்தது.

"ஒன்றுமில்லை. எல்லாம் நன்றாக இருக்கிறது" என்றேன்.

அவன் என் முகத்தையே பார்த்தான். பிறகு, "சரிப்பா" என்றான். போகும்போது வலது முழங்கையை ஒருமுறை மடக்கி நீட்டினான். நீண்ட நேரம் கார் ஓட்டியிருக்கிறான், பிடித்திருக்கும்.

ஆகஸ்ட் 26, சனி

பகல் ஆட்டம். இரண்டு பேரை அவுட்டாக்குவதற்குள் ஐந்து ரன். இரண்டு ஹோம் ரன், எல்லைச் சுவரைத் தாண்டி. முதலாவதை அடித்தவர் அந்த அணியின் முதல் பேட்டர், வலது கைக்காரர், பெரிய உடம்பு. மெதுபந்தை அவர் எதிர்பார்த்தே நின்றார். பந்து கையை விட்டு வருமுன்பே காலை ஊன்றிவிட்டார்.

இன்னொன்றும் பார்த்தேன். ஒவ்வொரு பந்துக்கும் முன் எபி வலது முழங்கையைத் தொட்டுக்கொண்டான். இதுவரை இப்படிச் செய்ததில்லை. வலியா? எலும்பா? நரம்பா? ஏழு பத்தியில் இதற்கு இடமில்லை. ஓரத்தில் கோடு கிழித்து எட்டாவது போட்டேன். பத்தொன்பது பந்து, பத்தொன்பது முறை.

சுகிர்தம் டிவியை அணைக்கவில்லை. சத்தத்தை மட்டும் குறைத்தாள்.

ஆகஸ்ட் 27, ஞாயிறு

மூன்று பேருக்கு எறிந்தான். ஒருவரையும் அவுட்டாக்கவில்லை. ஆராதனையில் யாரும் எங்களிடம் பேஸ்பால் பற்றிக் கேட்கவில்லை. கேட்காததே போதும்.

ஆகஸ்ட் 28, திங்கள்

பதினொன்றுக்குச் சரியாகக் கூப்பிட்டான்.

"தோள் அடிபட்டவர் வியாழக்கிழமை திரும்பி வர்றாரும்மா. அதுக்கு முன்னாடி எனக்கு இன்னொரு சான்ஸ் கிடைச்சா உண்டு. இல்லேன்னா இதோட சரி."

குரலில் ஒன்றும் இல்லை. அதுதான் பயமாக இருந்தது. சுகிர்தம் கண்ணைத் துடைத்துக்கொண்டே எப்போதும் கேட்பதைக் கேட்டாள்: சாப்பிட்டாயா, தூங்கினாயா. எனக்கு நோட்டை எடுத்து வைத்து முறையாக விளக்க வேண்டும் என்று ஆசை. "எபி" என்று தொடங்கினேன். "சொல்லுங்கப்பா" என்றான்.

"ஒன்றுமில்லை. ஜெபம் பண்ணுவோம்" என்றேன்.

கண்ணை மூடினேன். இம்மட்டும் காத்தீர். இன்றைக்கும் காத்தருளும். கைக்குப் பெலன் தாரும். நான்காவது வாக்கியம் வரவேண்டிய இடத்தில் வேறொன்று வந்தது. மனிதர்களிடம் சொல்லமுடியாததைக் கண்ணை மூடிக்கொண்டால் சொல்ல முடிகிறது. வந்தபடி எழுதுகிறேன்.

"ஆண்டவரே, என் மகன் மெதுபந்து எறியும்போது கீழுதட்டைக் கடிக்கிறான். நூற்று ஐம்பத்தொரு பந்தில் நூற்று நாற்பத்து மூன்று முறை. மே மாதம் முதல் எனக்குத் தெரியும். அது என்னிடமிருந்து அவனுக்கு வந்தது. அவனிடம் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. ஒருமுறை சொல்லி அவனைக் கெடுத்தேன். முழங்கையில் ஒன்றுமில்லை ஆண்டவரே, முழங்கை நன்றாகத்தான் வருகிறது. உதடு மட்டும்தான். கோழையாகிய என்னை மன்னியும். ஆமென்."

கண்ணைத் திறந்தால் சுகிர்தம் வாயைத் திறந்தபடி பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

"அப்பா" என்றான் எபி. "எல்போ இல்லையா?"

"இல்லை."

"அன்னைக்கு ஒண்ணுமில்லைன்னு சொன்னீங்கல்ல. உதட்டைக் கடிச்சீங்க. ஏதோ மறைக்கிறீங்கன்னு தெரிஞ்சுது. திரும்ப எல்போதான், என் மனசு உடையக் கூடாதுன்னு சொல்லாம இருக்கீங்கன்னு நெனச்சேன். அன்னையிலேர்ந்து எல்போவைத்தான் பாத்துக்கிட்டு எறியறேன்."

சொன்னால் கெடும் என்று சொல்லாமல் இருந்தேன். சொல்லாமல் இருந்ததையும் அவன் கேட்டுவிட்டிருக்கிறான்.

சுகிர்தம்தான் பேசினாள். "அப்பனும் மகனுமா உதட்டைக் கடிச்சே வீட்டைக் கவுத்திருக்கிய. நான் ஒருத்தி இங்க என்னத்துக்கு இருக்கேன்? எங்கிட்ட சொல்லியிருந்தா மே மாசமே ஒரு அதட்டு போட்டிருப்பேம்லா!"

எபி சிரித்தான். நான்கு நாளில் முதல் சிரிப்பு.

172/98. மாத்திரையைக் கூட்டச் சொல்லி டாக்டருக்குப் போன் செய்ய வேண்டும்.

ஆகஸ்ட் 29, செவ்வாய்

எறியவில்லை. இன்று முழுவதும் நினைத்தது: இப்போது அவன் உதட்டை நினைத்துக்கொண்டு எறிவான்.

ஆகஸ்ட் 30, புதன்

பகல் ஆட்டம், ஒரு மணிக்கு. அதே அணி. எட்டாவது இன்னிங்ஸ், இரண்டு பேர் அவுட், இரண்டு பேர் தளத்தில். எங்கள் பக்கம் ஒரு ரன் முன்னிலை. அடிக்க வருபவர் சனிக்கிழமை முதல் ஹோம் ரன் அடித்த அதே பெரிய உடம்பு. ஏன் எபியைக் கூப்பிட்டார்கள் என்று தெரியவில்லை. கூப்பிட வேறு ஆளில்லை போலும்.

நான் எழுந்து சமையலறைக்குப் போனேன். சுகிர்தம் என் சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தாள். "நோட்டை எடுங்க" என்றாள்.

முதல் பந்து. உதட்டைக் கடித்தான். பேட்டர் மெதுபந்துக்குக் காத்து நின்றார். வந்தது நேர்பந்து, 94 மைல். அசையக்கூட இல்லை. ஸ்ட்ரைக்.

இரண்டாவது. உதடு அப்படியே இருந்தது. மெதுபந்து. அவர் முன்னதாகவே வீசி, தன்னையே சுற்றிக்கொண்டு நின்றார்.

மூன்றாவது. எபி உதட்டைக் கடித்தான். விட்டான். மறுபடி கடித்தான். பேட்டர் கட்டத்தை விட்டு வெளியே வந்து கையுறையை இறுக்கிவிட்டுத் திரும்ப உள்ளே போனார். என்ன வரப்போகிறது என்று அவருக்குத் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை. நேர்பந்து. மட்டை தோளிலேயே இருந்தது. மூன்றாவது ஸ்ட்ரைக், அவுட்.

சுகிர்தம் எழுந்து நின்று கை தட்டினாள். நான் எழுதிக்கொண்டிருந்தேன். பென்சில் முனை ஒடிந்து ஏழாவது பத்தியில் ஓட்டை விழுந்தது.

ஆகஸ்ட் 31, வியாழன்

தோள் அடிபட்டவர் திரும்பிவிட்டார். எபியைக் கீழே இறக்கிவிட்டார்கள். அவன் மறுத்துவிட்டு ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டான். மேனேஜர் கை கொடுத்தாராம். நேற்றைய மூன்று பந்தை நன்றாக எறிந்தாய் என்றாராம். ஆனால் மற்ற எண்களையும் பார்க்கவேண்டியிருக்கிறது என்றாராம். எண்கள் என்னிடமும் இருக்கின்றன. ஏழு ஆட்டம். பதினைந்து அவுட்.

மே மாதம் சொல்லியிருந்தால் எத்தனை என்பதற்கு எண் இல்லை.

பால்துரை கேட்டார்: "ஃப்ளெக்ஸை எடுத்துரவா அத்தான்?" இருக்கட்டும் என்றேன்.

செப்டம்பர் 4, திங்கள்

காலை 148/88. சுகிர்தத்திடம் அதையே சொன்னேன்.

எபி வந்து இரண்டு நாள். பழைய அறையில் தூங்குகிறான். இன்று காலை கார் டயருக்குக் காற்று அடிக்க எனக்குத் துணையாக வெளியே வந்தான். பச்சை நோட்டை நேற்றே கேட்டு வாங்கியிருந்தான். கக்கத்தில் வைத்திருந்தான்.

"ஜூன் ஒன்பது பக்கத்தைப் பாத்தேன்பா. ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி உள்ளது. சிவப்பு மையில வட்டம் போட்டிருக்கீங்க."

நான் குனிந்து டயரின் மூடியைத் திருகிக்கொண்டிருந்தேன்.

"அன்னைக்கு நீங்க சொன்னதால இல்லப்பா. நடுவிரல்ல கொப்புளம். கோச்கிட்ட சொன்னா உக்கார வச்சிருவாங்கன்னு யார்கிட்டயும் சொல்லல. பந்தைப் பிடிக்கவே முடியல. எல்போ கில்போ ஒண்ணுமில்ல. நீங்க சொன்னதே எனக்குக் காதுல விழல."

இரண்டு வருடம், மூன்று மாதம். கொப்புளம் என்றால் மே மாதமே சொல்லியிருக்கலாம். கொப்புளம் இல்லையென்றால், என்னைத் தேற்ற இதைச் சொல்ல வேண்டுமென்றே அவன் காற்றடிக்கும் இடம் வரை வந்திருக்கிறான்.

நிமிர்ந்து அவன் உதட்டைப் பார்த்தால் தெரிந்துவிடும். அரை விநாடி போதும். அவன் முகம் என் தலைக்கு இரண்டடி மேலே இருந்தது.

நான் நிமிரவில்லை. காற்றழுத்த மானியையே பார்த்துக்கொண்டிருந்தேன். 32 வந்தது. மூடியைப் போட்டு, இன்னும் ஒருமுறை இறுக்கிவிட்டு, அவன் கார்க் கதவுப் பக்கம் திரும்பும்வரை காத்திருந்து எழுந்தேன்.

"சரி" என்றேன். "அப்படியானால் சரி."